பார்த்தவர்கள் இரண்டாயிரம் பேர்: தொலைக்காட்சியும் சாட்சியின் நினைவும்

1974 டிசம்பர் 19 அன்று நியூயார்க் நகரில் என்பிசி தொலைக்காட்சியின் செய்தி நேரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவர்கள், வீட்டில் உட்கார்ந்தபடியே ஒரு குற்றத்தைக் கண்டார்கள். ஒரு பெண் நடந்து வருகிறாள். மறைந்து நின்ற ஒருவன் பாய்ந்து வந்து அவளைக் கீழே தள்ளி, கைப்பையைப் பறித்துக்கொண்டு ஓடுகிறான். ஓடும்போது அவன் முகம் சில கணங்கள் கேமராவுக்கு நேரே தெரிகிறது. மொத்தக் காட்சியும் ஏறக்குறைய 12 வினாடிதான். சற்று நேரம் கழித்து, ஆறு ஆண்கள் வரிசையாக நிற்பது காட்டப்பட்டது. திரையில் ஒரு தொலைபேசி எண் தோன்றியது. அந்த ஆறு பேரில் பையைப் பறித்தவன் எத்தனையாவது ஆள் என்றோ, அவர்களில் அவன் இல்லவே இல்லை என்றோ பார்வையாளர்கள் அழைத்துச் சொல்லலாம். 2,145 பேர் அழைத்தார்கள். சரியாகச் சொன்னவர்கள் 14.1 சதவீதம்.

ஏழு விடைகளில் ஒன்றைக் கண்ணை மூடிக்கொண்டு தொட்டாலே அது சரியாக இருப்பதற்கு 14.3 சதவீத வாய்ப்பு உண்டு. அதாவது, காட்சியைப் பார்த்துவிட்டுச் சொன்னவர்கள், பார்க்காமலேயே ஊகித்திருக்கக்கூடியவர்களைவிட எந்த வகையிலும் மேலாக இல்லை. இந்தக் காட்சியை நடிகர்களைக் கொண்டு எடுத்து ஒளிபரப்பச் செய்தவர் புரூக்ளின் கல்லூரியின் உளவியலாளர் ராபர்ட் பக்ஹவுட். கிட்டத்தட்ட இரண்டாயிரம் சாட்சிகளும் தவறக்கூடும் என்ற பொருளிலேயே அவர் தம் கட்டுரைக்குத் தலைப்பிட்டார்.

இதைக் குறையற்ற ஆய்வென்று சொல்ல முடியாது. அந்தக் காலத்துத் தொலைக்காட்சிப் படத்தின் தெளிவு, சமையலறைக்கும் கூடத்துக்கும் இடையே நடந்துகொண்டே பார்த்தவர்கள், விளையாட்டாக அழைத்தவர்கள் என்று பல ஐயங்களை எழுப்பலாம். ஆயினும் ஒன்றைக் கருத வேண்டும். சரியாகத் தெரியவில்லை என்று நினைத்தவர்களில் பெரும்பாலோர் தொலைபேசியை எடுத்தே இருக்க மாட்டார்கள். எண்ணைச் சுழற்றிக் காத்திருந்து சொன்னவர்கள், தமக்குத் தெரியும் என்று நம்பியவர்களாகவே பெரும்பாலும் இருந்திருப்பார்கள். அவர்களில் எவரும் பொய் சொல்லவில்லை. பொய் சொல்ல அவர்களுக்கு ஒரு காரணமும் இல்லை.

துப்பறியும் தொடர்களும் படங்களும் தொடாமல் விடுவது பெரும்பாலும் இந்த இடத்தைத்தான். ஒரு கொலை நடக்கிறது; நான்கு பேர் நான்கு விதமாகச் சொல்கிறார்கள்; பார்வையாளர் உடனே, இவர்களில் யார் பொய்யர் என்று தேடத் தொடங்குகிறார். 1950-ல் வெளிவந்த குரோசாவாவின் ‘ரஷோமான்’ இவ்வகைக் கதைக்கு ஓர் உலக வடிவம் கொடுத்தது. நான்கே ஆண்டுகளில் எஸ். பாலசந்தர் ‘அந்த நாள்’ படத்தில் அந்த உத்தியைத் தமிழுக்குக் கொண்டுவந்தார். இவற்றில் சாட்சிகளின் முரண்பாடு தன்மானத்திலிருந்தும் தன்னலத்திலிருந்தும் சந்தேகத்திலிருந்தும் பிறக்கிறது. ஒவ்வொருவரும் தமக்குச் சாதகமானதைச் சொல்கிறார்கள், அல்லது பிறரைக் கைகாட்டுகிறார்கள். கலையாக அது ஆழமானதுதான். ஆனால் நேர்மையாகச் சொல்லப்படும் தவறு என்ற ஒன்று அதில் அடங்குவதில்லை.

இன்னொரு பழக்கத்தையும் இவ்வகைக் கதைகள் வளர்த்துவிட்டன. சாட்சி பேசத் தொடங்கியதும் திரை பின்னோக்கிச் செல்கிறது. அவர் கண்ட அறை, மேசைமேல் இருந்த குவளை, ஓடியவனின் சட்டை நிறம் எல்லாம், கதையின் நிகழ்காலத்துக்கு இணையான துல்லியத்தோடு விரிகின்றன. உண்மையில் நடந்ததைக் காட்டவும், ஒருவர் நினைவில் இருப்பதைக் காட்டவும் தொலைக்காட்சியிடம் ஒரே வகைப் படம்தான் இருக்கிறது. ஆகவே, நினைவு என்பது எங்கோ சேமித்து வைக்கப்பட்ட ஒளிப்பதிவு என்றும், சரியாகத் தூண்டினால் அது அப்படியே ஓடும் என்றும் நாம் எண்ணப் பழகுகிறோம். உளவியலாளர்கள் டேனியல் சைமன்ஸும் கிறிஸ்டோபர் சாப்ரிஸும் அமெரிக்காவில் நடத்தி 2011-ல் வெளியிட்ட கருத்தாய்வில், நினைவு ஒரு வீடியோ கேமராவைப் போல இயங்குகிறது என்ற கூற்றை 63 சதவீதத்தினர் ஏற்றார்கள். உறுதியோடு சொல்லும் ஒரே ஒரு சாட்சி போதும், குற்றவாளி என்று தீர்ப்பளித்துவிடலாம் என்பதை ஏற்றவர்கள் 37 சதவீதம். இந்த இரண்டாவது எண்தான் கவலை தருவது, ஏனெனில் அந்நாட்டில் நடுவர் குழுவில் உட்கார்ந்து தீர்ப்புச் சொல்பவர்கள் இதே மக்கள்.

தொலைக்காட்சியே நேரடியாகக் குறுக்கிட்ட ஒரு வழக்கு ஆஸ்திரேலியாவில் நடந்தது. அதை எந்தத் திரைக்கதையாசிரியராவது எழுதியிருந்தால் நம்ப முடியாதது என்று ஒதுக்கியிருப்பார்கள். 1970-களின் நடுப்பகுதியில், டொனால்டு தாம்சன் என்ற உளவியலாளர் பாலியல் வன்கொடுமைக் குற்றச்சாட்டில் பிடிக்கப்பட்டார். பாதிக்கப்பட்ட பெண் அடையாள அணிவகுப்பில் அவரைத் தயக்கமின்றிச் சுட்டிக்காட்டினார். குற்றம் நடந்ததாக அந்தப் பெண் சொன்ன நேரத்தில் தாம்சன் ஒரு தொலைக்காட்சி நிலையத்தில், நேரலை விவாதத்தில் உட்கார்ந்திருந்தார். அதே விவாதத்தில் காவல்துறையின் உயர் அதிகாரி ஒருவரும் கலந்துகொண்டிருந்தார். விவாதப் பொருள், கண்ணால் கண்ட சாட்சிகளின் நினைவு எவ்வளவு நம்பத்தக்கது என்பது. நடந்தது இதுதான்: தாக்கப்படுவதற்குச் சற்று முன்புவரை அந்தப் பெண் அந்த நிகழ்ச்சியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். திரையில் கண்ட முகம், தாக்கியவனின் முகமாக அவர் நினைவில் இடம்பிடித்துவிட்டது. தாம்சன் விடுவிக்கப்பட்டார். நேரலைக்குப் பதிலாக அது முன்பே பதிவு செய்யப்பட்ட நிகழ்ச்சியாக இருந்திருந்தால், அவர் நிலை என்ன ஆகியிருக்கும் என்று எண்ணிப் பார்க்கலாம்.

அந்தப் பெண்ணின் நினைவை வெறும் குழப்பம் என்று சொல்லிவிட முடியாது. அவர் அந்த முகத்தை உண்மையாகவே பார்த்திருந்தார், அந்த மாலையில்தான் பார்த்திருந்தார், அதைத் துல்லியமாகவும் நினைவில் வைத்திருந்தார். எங்கே பார்த்தார் என்பது மட்டுமே பிழைத்துப்போனது. கடிதம் பத்திரமாக இருக்கிறது, அதன் உறை மட்டும் தொலைந்துவிட்டது என்பது போன்ற நிலை அது. நினைவின் உள்ளடக்கமும் அது வந்த இடமும் மனத்தில் தனித்தனியாகவே நிற்கின்றன என்பதையும், இரண்டாவது முதலாவதைவிட வேகமாக அழிகிறது என்பதையும் மார்சியா ஜான்சன் போன்ற ஆய்வாளர்கள் பிற்பாடு விரிவாக நிறுவினார்கள். ஒரு முகம் பழக்கமானதாகத் தோன்றும்போது மனம், ‘இதை எங்கே பார்த்தேன்’ என்ற கேள்விக்குச் சூழ்நிலைக்குப் பொருந்தும் ஒரு விடையைத் தானே எடுத்துக்கொள்கிறது. அந்த விடை ஊகம் என்பது ஊகித்தவருக்கே தெரிவதில்லை.

இது முகங்களோடு நிற்பதும் இல்லை. 1992 அக்டோபர் 4 அன்று எல் ஆல் நிறுவனத்தின் போயிங் 747 சரக்கு விமானம் ஆம்ஸ்டர்டாம் நகரின் பைல்மர்மேர் பகுதியில் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பின் மீது விழுந்து, 43 பேர் இறந்தனர். எரியும் கட்டடத்தையும் மீட்புப் பணியையும் தொலைக்காட்சிகள் நாள் கணக்கில் காட்டின. ஆனால் விமானம் கட்டடத்தின் மீது மோதிய அந்தக் கணத்தை எந்தக் கேமராவும் பதிவு செய்யவில்லை. பத்து மாதங்களுக்குப் பிறகு நெதர்லாந்தின் ஆய்வாளர்கள் கிரோம்பாக், வாகனார், ஃபான் கோப்பன் ஆகியோர், விமானம் மோதிய கணத்தைத் தொலைக்காட்சியில் பார்த்தீர்களா என்று கேட்டபோது, 55 சதவீதத்தினர் பார்த்தோம் என்றார்கள். சட்ட மாணவர்களிடம் கேட்டபோது அது 66 சதவீதமாக உயர்ந்தது. விமானம் எந்தக் கோணத்தில் வந்தது, மோதியவுடன் தீப்பற்றியதா என்பன போன்ற கேள்விகளுக்கும் பலர் விடை சொன்னார்கள். எடுக்கப்படாத ஒரு படத்தைப் பற்றிய விவரங்கள் அவை. பேச்சு, செய்தி, வரைபடம், பிற விபத்துகளின் காட்சிகள் ஆகியவற்றைக் கொண்டு மனம் தானே ஒரு காட்சியைக் கட்டிவிட்டு, அது வந்த இடம் தொலைக்காட்சி என்று எழுதி வைத்துவிட்டது. நாளை நீதிமன்றத்தில் பேசப்போகும் வழக்குரைஞர்கள் பொதுமக்களைவிட அதிகமாக ஏமாந்தார்கள் என்பதை அந்த ஆய்வாளர்கள் ஓரளவு கிண்டலோடுதான் வெளியிட்டிருக்க வேண்டும்.

தொலைக்காட்சிக்கு இவ்வாறு ஒரு தனி ஈர்ப்பு இருப்பதை அதற்கும் முன்பே உளவியலாளர் அல்ரிக் நெய்சர் கண்டிருந்தார். 1986 ஜனவரி 28 அன்று சேலஞ்சர் விண்கலம் வெடித்துச் சிதறியது. மறுநாள் காலையிலேயே எமரி பல்கலைக்கழக மாணவர்களிடம், அந்தச் செய்தியை முதலில் எங்கே, எப்படி அறிந்தீர்கள் என்று எழுதி வாங்கப்பட்டது. இரண்டரை ஆண்டுகள் கழித்து அவர்களில் 44 பேரிடம் அதே கேள்வி கேட்கப்பட்டபோது, கால் பங்கினர் எல்லா முக்கிய விவரங்களையும் மாற்றிச் சொன்னார்கள். தொலைக்காட்சியில்தான் முதலில் கண்டேன் என்று மறுநாள் எழுதியவர்கள் ஏறக்குறைய ஐந்தில் ஒருவர். இரண்டரை ஆண்டுக்குப் பின் அப்படிச் சொன்னவர்கள் பாதியைச் சற்றே எட்டாத எண்ணிக்கையினர். வகுப்பறையிலோ நண்பர் வாயிலாகவோ கேட்டதையெல்லாம், பின்னர் நூறு முறை பார்த்த திரைக்காட்சி விழுங்கிவிட்டது. அவர்களே எழுதிய பழைய தாளைக் கொண்டுவந்து கண்முன் வைத்தபோதும், பழைய நினைவு எவருக்கும் திரும்பி வரவில்லை.

ஏன் இப்படி என்பதற்கான விளக்கத்தின் அடிப்படையை 1932-லேயே உளவியலாளர் ஃபிரெடெரிக் பார்ட்லெட் கூறியிருந்தார். நினைவுகூர்தல் என்பது இருந்ததை எடுத்துத் தருவதல்ல. எஞ்சியிருக்கும் சில கூறுகளைக் கொண்டு, நமக்கு இயல்பாகத் தோன்றும் வகையில் ஒவ்வொரு முறையும் புதிதாகக் கட்டுவது. கட்டும் அந்த நேரத்தில் கையில் அகப்படும் எந்தப் பொருளும் உள்ளே சேர்ந்துவிடும், கேட்கப்படும் கேள்வி உட்பட. எலிசபெத் லோஃப்டஸும் ஜான் பாமரும் 1974-ல் 150 மாணவர்களுக்கு ஒரு வாகன விபத்துப் படத்தைக் காட்டினார்கள். கார்கள் ‘இடித்துக்கொண்டபோது’ என்ன வேகத்தில் சென்றன என்று சிலரிடமும், ‘மோதி நொறுங்கியபோது’ என்ன வேகத்தில் சென்றன என்று சிலரிடமும் கேட்டார்கள். மூன்றாவது பிரிவிடம் வேகத்தைப் பற்றி எதுவுமே கேட்கவில்லை. ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று எல்லாரிடமும் வினவினார்கள். படத்தில் கண்ணாடி எதுவும் உடையவில்லை. ‘இடித்துக்கொண்டபோது’ என்று கேட்கப்பட்ட 50 பேரில் 7 பேர் கண்ணாடியைப் பார்த்ததாகச் சொன்னார்கள். ‘நொறுங்கியபோது’ என்று கேட்கப்பட்ட 50 பேரில் 16 பேர். விசாரிக்கும் அதிகாரி எந்தத் தீய நோக்கமும் இன்றிப் பயன்படுத்தும் ஒரு வினைச்சொல், ஒரு வாரத்துக்குப் பின் சாட்சியின் கண்ணில் கண்ணாடிச் சில்லுகளாக மாறி நிற்கலாம்.

ஒருவர் நினைவே இப்படியிருக்க, பலர் ஒன்றாகச் சொன்னால் அது உறுதிப்பட்டுவிடும் என்பதுதான் பொதுப்புத்தி. அது சரிதான், அவர்கள் ஒருவரோடொருவர் பேசாதவரை. ஃபியோனா கேபர்ட், அமினா மேமன், கெவின் ஆலன் ஆகியோர் 2003-ல் வெளியிட்ட ஆய்வில், இருவர் ஒரே குற்றக் காட்சியைப் பார்ப்பதாக நம்பவைக்கப்பட்டு, வெவ்வேறு கோணங்களில் எடுக்கப்பட்ட இரண்டு படங்களைப் பார்த்தார்கள். ஆகவே ஒருவருக்குத் தெரிந்த ஒரு விவரம் மற்றவருக்குத் தெரிய வழியே இல்லை. பிறகு அவர்கள் தமக்குள் பேசிக்கொள்ள விடப்பட்டார்கள். பேசியவர்களில் 71 சதவீதத்தினர், தாம் பார்த்திருக்கவே முடியாத விவரங்களைத் தாம் கண்டதாகப் பின்னர் கூறினார்கள்.

இது ஆய்வகத்துக்கு வெளியே எவ்வளவு பெரிதாக வளரும் என்பதை அமெரிக்காவின் ஓக்லஹோமா சிட்டி காட்டியது. 1995 ஏப்ரல் 19 அன்று அந்நகரின் கூட்டாட்சி அரசுக் கட்டடம் குண்டுவைத்துத் தகர்க்கப்பட்டு 168 பேர் உயிரிழந்தார்கள். குண்டு ஏற்றிவந்த லாரியை, அதை வைத்த திமோத்தி மெக்வே இரண்டு நாட்களுக்கு முன் கான்சாஸ் மாநிலத்தின் ஜங்ஷன் சிட்டியில் ஒரு பழுதுபார்க்கும் கடையில் வாடகைக்கு எடுத்திருந்தான். அந்தக் கடையின் மெக்கானிக் ஒருவர், மெக்வேயுடன் இன்னொருவனும் வந்தான் என்று உறுதியோடு கூறி அவன் தோற்றத்தையும் விவரித்தார். கடையிலிருந்த மற்ற இருவர் தொடக்கத்தில் அப்படி ஒருவனை விவரிக்கவில்லை. நாளடைவில் அவர்களும் இரண்டாவது ஆளைக் கண்டதாகச் சொல்லத் தொடங்கினார்கள். அவனது வரைபடம் நாடெங்கும் தொலைக்காட்சிகளில் வெளியாகி, மாபெரும் தேடல் நடந்தது. கடைசியில் எஃப்பிஐ எட்டிய முடிவு வேறு: மெக்கானிக் விவரித்த ஆள், மறுநாள் அதே கடைக்கு வேறொரு லாரியை எடுக்க வந்த இருவரில் ஒருவர், குண்டுவெடிப்போடு எந்தத் தொடர்பும் இல்லாத ஓர் இராணுவ வீரர். விவரணையில் பிழை இல்லை. நாள் மட்டுமே இடம் மாறிப்போனது. ஆனால் அந்த ஒரு நாள் பிசகை மற்ற இருவரின் ஒத்திசைவு ஓர் உண்மையாக்கிவிட்டது. இன்றும் அந்த இரண்டாவது ஆளை நம்புகிறவர்கள் அமெரிக்காவில் இருக்கிறார்கள்.

2002 அக்டோபரில் வாஷிங்டன் சுற்றுவட்டாரத்தில் மறைந்திருந்து சுட்டு பத்துப் பேரைக் கொன்றவர்களைத் தேடியபோதும் இதுவே நடந்தது. தொடக்கத்தில் யாரோ ஒரு வெள்ளை வாகனத்தைக் குறிப்பிட, செய்திகள் அதைத் திரும்பத் திரும்பச் சொல்ல, அடுத்தடுத்த சம்பவங்களின் சாட்சிகள் வெள்ளை வேனையே கண்டார்கள். பிடிபட்டவர்கள் பயன்படுத்தியது நீல நிற செவ்ரோலே கேப்ரிஸ் கார். வெள்ளை வேன்கள் அங்கே உண்மையிலேயே இருந்திருக்கும். அமெரிக்க நகரச் சாலைகளில் அவை இல்லாத இடம் ஏது? எதைப் பார்க்க வேண்டும் என்று தொலைக்காட்சி முன்கூட்டியே சொல்லிவிட்டதால், துப்பாக்கிச் சத்தம் கேட்டதும் கண் அதையே தேடிச் சென்றது.

இதுவரை சொன்னவற்றிலிருந்து, கண்ணால் கண்ட சாட்சியம் பயனற்றது என்று முடிவு கட்டினால் அது இன்னொரு பிழையாகும். கடந்த சில பத்தாண்டுகளின் ஆய்வுகள் போய்ச் சேர்ந்திருக்கும் இடம் அதைவிட நுட்பமானது. அதைப் புரிந்துகொள்ள ரொனால்டு காட்டன் வழக்கைவிடப் பொருத்தமானது இல்லை. 1984 ஜூலையில் வட கரோலினாவின் பர்லிங்டன் நகரில் வன்கொடுமைக்கு உள்ளான ஒரு கல்லூரி மாணவி, தாக்குதலின்போதே அந்த முகத்தை மனத்தில் பதித்துக்கொள்ள வேண்டும் என்று உறுதி பூண்டிருந்தார். காவல்துறை காட்டிய புகைப்படங்களில் காட்டனின் படத்தை அவர் எடுத்தது உடனடியாக அல்ல. சில நிமிடங்கள் யோசித்து, இவன்தான் என்று நினைக்கிறேன் என்ற அளவில்தான் முதலில் சொன்னார். பின்னர் நேரில் நடந்த அணிவகுப்பிலும் காட்டனையே காட்டினார். புகைப்படத் தொகுப்பிலும் அணிவகுப்பிலும் இடம்பெற்ற ஒரே ஆள் காட்டன்தான். நீங்கள் படத்தில் காட்டியதும் இவரைத்தான் என்று அதிகாரிகள் தெரிவித்தபோது, அவரது தயக்கம் மறைந்துபோனது. 1985-ல் நீதிமன்றத்தில் அவர் அசைக்க முடியாத சாட்சியாக நின்றார். 1987-ல் நடந்த இரண்டாவது விசாரணையில், உண்மையான குற்றவாளியையே அவர்முன் கொண்டுவந்து நிறுத்தினார்கள். இவனைப் பார்த்ததே இல்லை என்றார். 1995-ல் டிஎன்ஏ சோதனை காட்டனை விடுவிக்கும்வரை, காட்டன் பத்தாண்டுகளுக்கு மேல் சிறையிலிருந்தார்.

மூன்று ஆண்டுகளில் அவர் மனத்தில் காட்டனின் முகம் அந்த இரவின் முகத்தை முழுவதும் மூடிவிட்டது. அதைவிட முக்கியமாக, ஆரம்பத்தில் அவரிடம் இருந்த தயக்கம் சரியான செய்தியைச் சொல்லிக்கொண்டிருந்தது. அதை யாரும் செவிமடுக்கவில்லை. கேரி வெல்ஸும் எமி பிராட்ஃபீல்டும் 1998-ல் இதை ஆய்வாகவே செய்து காட்டினார்கள். உண்மைக் குற்றவாளி இல்லாத ஒரு படத்தொகுப்பிலிருந்து தவறான ஆளைத் தேர்ந்தவர்களில் சிலரிடம், சந்தேகநபரைச் சரியாகவே காட்டினீர்கள் என்று சும்மா சொன்னார்கள். அந்த ஒரு வாக்கியம் அவர்களது உறுதியை மட்டும் கூட்டவில்லை. தேர்ந்தபோதே உறுதியாக இருந்தோம், முகத்தை நன்றாகப் பார்த்தோம், உடனே காட்டிவிட்டோம் என்று, கடந்த காலத்தைப் பற்றிய அவர்கள் கூற்றையும் மாற்றியது. சாட்சிக் கூண்டில் நிற்கும் நாளில் ஒருவர் காட்டும் உறுதி, அவர் கண்டதன் அளவாக இல்லாமல், இடையில் அவருக்குச் சொல்லப்பட்டதன் அளவாக இருக்கலாம்.

ஆனால் அதன் மறுபுறமும் உண்டு. ஜான் விக்ஸ்டெட்டும் கேரி வெல்ஸும் 2017-ல் ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தபோது, முதல் முறையாக, மாசுபடாத நிலையில், முறையாக நடத்தப்பட்ட அணிவகுப்பில் ஒருவர் மிகுந்த உறுதியோடு ஆளைக் காட்டினால், அது பெரும்பாலும் சரியாகவே இருக்கிறது என்று கண்டார்கள். அப்படியானால் சிக்கல் சாட்சியிடம் தொடங்குவதைவிட நடைமுறையில் தொடங்குவதே அதிகம். குற்றம் நடந்த இடத்துக் கைரேகையை ஒவ்வொருவராகத் தொட்டுப் பார்த்துவிட்டு ஆய்வகத்துக்கு அனுப்புவதில்லை. நினைவை மட்டும் அப்படித்தான் கையாள்கிறோம். யார் சந்தேகநபர் என்று தெரியாத அதிகாரி அணிவகுப்பை நடத்துவது, ஆட்களை ஒவ்வொருவராகக் காட்டுவது போன்ற விதிகளை 2001-ல் நியூ ஜெர்சி மாநிலம் கொண்டுவந்தது இந்தக் காரணத்தால்தான். அம்மாநில உச்ச நீதிமன்றம் 2011-ல் ஹெண்டர்சன் வழக்கில், நினைவைப் பற்றிய அறிவியல் முடிவுகளை நடுவர் குழுவுக்கு எடுத்துச் சொல்ல வழிவகுத்தது. இங்கிலாந்து அதற்கும் முன்பே, 1976-ன் டர்ன்புல் தீர்ப்பில், மனத்தை வெல்லும் வகையில் பேசும் சாட்சியும் தவறியிருக்கலாம், அத்தகையவர்கள் பலரும் சேர்ந்தே தவறியிருக்கலாம் என்று நடுவர்களை எச்சரிப்பதைக் கட்டாயமாக்கியது. அமெரிக்காவில் டிஎன்ஏ மூலம் நிரபராதி என்று நிறுவப்பட்டு விடுதலையான வழக்குகளில் ஏறக்குறைய பத்தில் ஏழு, தவறான அடையாளம் காட்டலைக் கொண்டிருந்தவை என்பதை இவற்றோடு வைத்துப் பார்க்க வேண்டும்.

இந்திய நீதிமன்றங்கள் இந்தப் பொருளைப் பற்றி எண்ணிப் பார்க்காதவை அல்ல. சாட்சிகளின் எண்ணிக்கை முக்கியமல்ல, தரமே முக்கியம் என்பதை உச்ச நீதிமன்றம் விரிவாக விளக்கியது சென்னை மாநிலத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில்தான்: 1957-ன் வடிவேலு தேவர் வழக்கு. முழுமையாக நம்பத்தக்கவர், முழுமையாக நம்பத்தகாதவர், இரண்டுக்கும் இடைப்பட்டவர் என்று சாட்சிகளை மூன்றாக அது பிரித்தது. மூன்றாவது வகையினருக்கே வேறு ஆதாரத்தின் துணை வேண்டும் என்றது. அடுத்து, 1983-ல் குஜராத்திலிருந்து வந்த பர்வாடா போகின்பாய் வழக்கில் நீதிபதி எம்.பி. தக்கர் எழுதிய பகுதியை, நினைவின் உளவியல் குறித்த ஒரு சிறு பாடமாகவே படிக்கலாம். சாட்சி புகைப்படம் போன்ற நினைவாற்றல் உடையவர் என்று எதிர்பார்க்கக் கூடாது; மனத்திரையில் வீடியோ நாடா திரும்ப ஓடுவது போன்றதல்ல அது; எதிர்பாராமல் நிகழும் சம்பவம் மனத்தைத் திகைக்கவைக்கும்; நேரத்தையும் கால அளவையும் மனிதர்கள் ஊகித்தே சொல்வார்கள்; குறுக்கு விசாரணையில் மிரண்டு, முட்டாளாகத் தோன்றிவிடுவோமோ என்ற அச்சத்தில், இல்லாத விவரத்தை மனம் தானே நிரப்பிக்கொள்ளும் என்றெல்லாம் அது பட்டியலிடுகிறது. ஆசிய விளையாட்டுப் போட்டிகளை ஒட்டி வண்ணத் தொலைக்காட்சியும் வீடியோவும் நம் வீடுகளுக்குள் நுழைந்துகொண்டிருந்த நேரத்தில், நினைவு வீடியோ அல்ல என்று ஒரு நீதிபதி எழுதியது கவனிக்கத்தக்கது.

ஆனால் அந்தத் தீர்ப்பு நடைமுறையில் ஒரு பக்கமாகவே பெரிதும் பயன்பட்டு வந்திருக்கிறது. சிறு முரண்பாடுகளைக் காட்டி அரசுத் தரப்புச் சாட்சியைத் தள்ளிவிடக் கூடாது என்பதற்கு அது மேற்கோள் காட்டப்படுகிறது, அது நியாயமே. நினைவு பதிவுக்கருவி அல்ல என்றால், முரண்பாடு பொய்யின் அடையாளம் ஆகாது. அதே காரணத்தால், முரண்பாடின்மை உண்மையின் அடையாளமும் ஆகாது. எல்லாச் சாட்சிகளும் கிளிப்பிள்ளைகளாக ஒரே சொற்களில் ஒப்பித்தால், யாரோ சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள் என்று நம் நீதிமன்றங்கள் ஐயுறுவதுண்டு. ஆனால் யாரும் சொல்லிக்கொடுக்காமல், தேநீர்க் கடையிலும் காவல் நிலையத் திண்ணையிலும் தொலைக்காட்சிச் செய்தியிலும் கேட்டுக் கேட்டே ஒத்துப்போனவர்களை அந்த ஐயம் எட்டுவதில்லை, ஏனென்றால் அவர்கள் மெய்யாகவே தமக்கு நினைவிருப்பதைத்தான் சொல்கிறார்கள்.

நம் அடையாள அணிவகுப்பு முறையில் ஒரு நல்ல அம்சம் உண்டு. அதை நடத்துபவர் நீதித்துறை நடுவர் (மாஜிஸ்திரேட்). காவலர்கள் அங்கே இருக்கக் கூடாது. பக்ஹவுட் காலத்து அமெரிக்கக் காவல் நிலையங்களில் இல்லாத தடுப்பு இது. ஆனால் அணிவகுப்பில் காட்டுவது தன்னளவில் முதன்மைச் சாட்சியம் ஆகாது. நீதிமன்றத்தில் நின்று காட்டுவதே முதன்மையானது, அணிவகுப்பு அதற்குத் துணை மட்டுமே. அறிவியல் சொல்லும் வரிசை இதற்கு நேர் எதிரானது: முதலில் காட்டியதற்கே மதிப்பு அதிகம், ஆண்டுகள் கடந்தபின் கூண்டில் தனியே நிற்கும் ஒருவரைச் சுட்டிக்காட்டுவதற்கு மதிப்பு மிகக் குறைவு. அணிவகுப்புக்கு முன்பே குற்றம் சாட்டப்பட்டவரின் படம் நாளிதழிலோ தொலைக்காட்சியிலோ வந்துவிட்டிருந்தால், அந்த அணிவகுப்பின் மதிப்பு குறையும் என்பதை நீதிமன்றங்கள் ஏற்றிருக்கின்றன. கைது செய்யப்பட்டவரை முகம் மூடாமல் செய்தியாளர்கள்முன் நிறுத்துவது வழக்கமாகவும், கண்காணிப்புக் கேமராக் காட்சி காவல் நிலையத்துக்குப் போகும் முன்பே வாட்ஸப்பில் சுற்றுவது இயல்பாகவும் ஆகிவிட்ட இன்றைய நிலையில், மாசுபடாத அணிவகுப்பு என்ற ஒன்றுக்கு எத்தனை வழக்குகளில் இடம் எஞ்சியிருக்கும் என்பது கேட்கப்பட வேண்டிய கேள்வி. தாம்சனின் முகம் தொலைக்காட்சியில் வந்ததும் தற்செயல். அதை அந்தப் பெண் பார்த்ததும் தற்செயல். இன்று சந்தேகநபரின் முகம் சாட்சியின் கைப்பேசிக்கு வந்துசேர்வதைத் தற்செயல் என்று சொல்ல முடியாது.

காவல்துறை சாட்சியிடம் வாங்கும் முதல் வாக்குமூலத்தை ஒலி, ஒளிப்பதிவாகச் செய்ய 2008-ன் திருத்தம் முதல் நம் குற்றவியல் நடைமுறைச் சட்டம் இடம் தருகிறது. 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்திலும் அந்த ஏற்பாடு தொடர்கிறது. பதிவு செய்யலாம் என்றுதான் அது சொல்கிறது, செய்ய வேண்டும் என்றல்ல. சாட்சியின் சொற்கள் விசாரணை அதிகாரியின் நடையில் எழுதப்பட்டு, கையொப்பம்கூட இல்லாத தாளாக நிற்கும் வரை, அவர் முதலில் தயங்கினாரா, எந்தக் கேள்விக்கு விடையாக அந்த விவரம் வந்தது, ‘இவன்தான்’ என்றாரா ‘இவனாக இருக்கலாம்’ என்றாரா என்பதைப் பிற்பாடு யாராலும் அறிய முடியாது, அவராலும் முடியாது.